மாப்பிள்ளைக்கு இரண்டு கெரேத்தா: மேடான் இளைஞர்களோடு பினாங்கில் மூன்று நாள்

போன மாதக் கடைசியில் மூன்று நாள் பினாங்கு போய் வந்தேன். சாப்பாட்டுக்காகப் போகவில்லை, சுவரோவியங்களுக்காகவும் போகவில்லை. என் அக்காள் மகள் யாழினிக்கு ஒரு பையனைப் பிடித்திருந்தது. பெயர் தினேஷ். இந்தோனேசியாவின் மேடான் நகரத்துத் தமிழன். ஞாயிற்றுக்கிழமை மதியம் ஒரு மணிக்கு, பினாங்குத் தீவுக்கு எதிர்க்கரையில் நிபோங் திபாலில் அக்காள் வீட்டில் அவனுக்கு விருந்து. அந்த விருந்தின் முடிவில் என் மச்சான் தலையை மேலும் கீழும் ஆட்டினால் கல்யாணம், பக்கவாட்டில் ஆட்டினால் இல்லை. பையன் வெள்ளிக்கிழமையே நண்பர்களோடு தீவிலுள்ள ஜார்ஜ் டவுனுக்கு வந்துவிடுவதாகச் சொல்லியிருந்தான்.

"தம்பி, நீ முன்னாடியே போய் அவன் எப்படின்னு பாரு. ஞாயித்துக்கிழம கையோட கூட்டிட்டு வந்துரு. டைம் ரொம்ப முக்கியம், உன் மச்சானத் தெரியும்லா" என்றாள் அக்காள்.

மச்சானைத் தெரியும். முப்பது வருடம் தொழிற்சாலையில் ஷிப்ட் சூப்பர்வைசராக இருந்தவர். அவர் வீட்டில் சாதம் கூட நேரத்துக்கு வேகும். அவருக்கு இன்னொரு கொள்கையும் உண்டு: மோட்டார் ஓட்டுகிறவனுக்குப் பெண் கிடையாது. இங்கே மோட்டார் என்றால் மோட்டார் சைக்கிள். அவர் தம்பி கோபால் இளம் வயதில் மோட்டாரில் விழுந்து, காலில் கம்பி வைத்து, இன்றும் அந்தக் காலை மடக்க முடியாமல் நடக்கிறார். அதனால் யாழினி வீடியோ அழைப்பில் பையனை அறிமுகப்படுத்தியபோது மச்சான் மலாயில் கேட்ட முதல் கேள்வி, மோட்டார் இருக்கிறதா என்பது.

"மோட்டார் இல்லை, ஓம். கெரேத்தாதான். இரண்டு இருக்கிறது" என்று பையன் இந்தோனேசிய மொழியில் பதில் சொன்னான்.

மலாயில் கெரேத்தா என்றால் கார். இரண்டு கார், மோட்டார் இல்லை. போதாததற்கு வாக்கியத்துக்கு வாக்கியம் ஓம் என்கிறான். பக்திமான் என்று மச்சான் உருகிவிட்டார். (இந்தோனேசியாவில் மாமா, சித்தப்பா, பக்கத்து வீட்டுக்காரர் எல்லோருமே 'ஓம்'தான் என்று யாழினி பிறகு விளக்கினாள். மச்சான் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.) அன்று மாலைக்குள் மாப்பிள்ளைக்கு இரண்டு காடி (எங்கள் ஊர்த் தமிழில் கார்) என்ற செய்தி நிபோங் திபால் முழுக்கப் பரவி, புக்கிட் மெர்தாஜாம் உறவினர்கள் வரை எட்டிவிட்டது.

இனி பயணம். கோலாலம்பூரிலிருந்து பட்டர்வொர்த்துக்கு விரைவு ரயிலில் நான்கு மணி நேரத்துக்குச் சற்று மேல். எனக்கு எழுபத்தொன்பது வெள்ளி (மலேசிய ரிங்கிட்) ஆனது. நிலையத்திலிருந்து கூரை போட்ட நடைபாதையிலேயே படகுத்துறைக்குப் போய்விடலாம். படகுக்கு இரண்டு வெள்ளி. இருபது நிமிடம் கடற்காற்று. இந்த மூன்று நாளில் குறித்த நேரத்துக்கு நடந்த காரியங்கள் இவை இரண்டு மட்டுமே என்பதால் விவரமாக எழுதுகிறேன்.

லெபு சூலியா என்ற தெருவில் நூற்றிருபது வெள்ளிக்கு அறை எடுத்தேன். தினேஷும் நண்பர்களும் இரண்டு தெரு தள்ளி ஒரு விடுதியில் தங்கியிருந்தார்கள். நான்கு மணிக்கு ஆர்மீனியன் தெருவில் ஒரு காப்பிக் கடையில் சந்திப்பதாக ஏற்பாடு. நான்கு மணிக்குச் செய்தி வந்தது: "மாமா, ஓ-தே-வே."

ஆங்கிலத்தில் 'வழியில் இருக்கிறேன்' என்பதன் முதலெழுத்துகளை (OTW) இந்தோனேசிய இளைஞர்கள் தங்கள் உச்சரிப்பில் இப்படி ஒரு சொல்லாக்கியிருக்கிறார்கள். நான் அதை உண்மை என்று நம்பி, வாசலைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன். ஐந்து மணிக்கு மறுபடியும் ஓ-தே-வே. ஐந்தே முக்காலுக்கு மூன்று பேரும் ஈரத் தலையோடு வந்தார்கள். அதன்பின் அனுபவத்தில் நான் கண்ட பொருள்: ஓ-தே-வே என்றால், 'கண் விழித்துவிட்டேன், குளிப்பதா வேண்டாமா என்று யோசிக்கிறேன்.'

தினேஷ் மேடானில் ஒரு காப்பிக் கம்பெனிக்கு வீடியோ எடுத்துத் தருகிறான். தமிழ் பேசுவான், ஆனால் நடுவில் சொல் கிடைக்காமல் நின்றுவிடுவான். பிறகு இந்தோனேசிய மொழியில் போய்ச் சுற்றிக்கொண்டு திரும்புவான். கூட வந்த ரிஸ்கி அவன் பள்ளித் தோழன், மேடான்காரன்தான். ஜப்பானிலிருந்து மூட்டையாக வரும் பழைய துணியில் பொறுக்கி எடுத்த ஒரு தொழிற்சாலைச் சட்டையைப் போட்டிருந்தான். நெஞ்சில் யாரோ ஒரு ஜப்பானியரின் பெயர் தைத்திருந்தது. புதுச் சட்டையை விட அது விலை அதிகமாம். மூன்றாவது ஆள் புத்ரி, ஜகார்த்தாப் பெண், ரிஸ்கியின் காதலி. மூவருமே பினாங்குக்கு 'ஹீலிங்' செய்ய வந்ததாகச் சொன்னார்கள். மேடானிலிருந்து விமானத்தில் ஒரு மணி நேரம் கூட ஆகாது. அவர்கள் பெற்றோர் தலைமுறை பினாங்கு மருத்துவமனைகளுக்கு வந்து குணமாகிப் போகிறது. பிள்ளைகள் தலைமுறை பதினெட்டு வெள்ளிக் காப்பிக்கு முன்னால் உட்கார்ந்து குணமாகிறது. என்ன நோய் என்று கேட்டேன்.

"கேப்பெக், மாமா" என்றான் தினேஷ். களைப்பு.

"என்ன வேலை செஞ்சு களைப்பு?"

மூவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு ரிஸ்கி, "ஹிடூப்" என்றான். வாழ்க்கை.

அந்தக் கடையில் நான்கு மணி நேரம் உட்கார்ந்திருந்தோம். ஆளுக்கு ஒரே ஒரு காப்பி. இதற்கு நொங்க்ரோங் என்று பெயர். காரணமில்லாமல் கூடி உட்கார்ந்து, முடிவில்லாமல் பேசுவது. நம்மிடம் இதற்கு அரட்டை என்ற சொல் இருக்கிறது. ஆனால் அரட்டையில் குறைந்தது யாரையாவது குறை சொல்வோம். இவர்கள் அதையும் செய்வதில்லை. அடுத்த நாள் தீவின் நடுவிலுள்ள கொடிமலைக்குப் போவது, விடியற்காலையில் கடல் மேல் கால் நட்டு நிற்கும் படகுத்துறை வீடுகளைப் பார்ப்பது, கடற்கரைக்குப் போவது எல்லாம் அங்கேதான் முடிவாயின. ஒன்றுமே நடக்கவில்லை. பேசப்பட்டு நடக்காமல் போகும் திட்டத்துக்கு அவர்களிடம் தனிச் சொல்லே இருக்கிறது: வச்சானா. நம்முடைய 'வசனம்'தான் கடல் கடந்து போய் இப்படி ஆகியிருக்கிறது. ஒரு சொல் புலம்பெயர்ந்த இடத்தில் அசல் பொருளை விடத் துல்லியமான பொருள் பெற்றதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியாது.

சனிக்கிழமை சுவரோவியங்கள். சுவரில் குழந்தைகளை வரைந்து, நிஜச் சைக்கிளைப் பதித்து வைத்திருக்கும் இடத்தில் நாற்பது நிமிடம் வரிசையில் நின்றோம். எங்கள் முறை வந்ததும் ரிஸ்கி சட்டையை மாற்ற வேண்டும் என்றான். பையில் இன்னொரு ஜப்பானியர் இருந்தார். மறுபடியும் வரிசை. நான் எதிர்ப்பக்க நிழலில் நின்று, அதே சைக்கிளோடு எழுபது எண்பது பேர் அதே படத்தை எடுப்பதைப் பார்த்தேன். ஒரே படத்தைத்தான் எல்லோரும் எடுக்கிறார்கள் என்றால் ஒருவர் எடுத்து மற்றவர்களுக்கு அனுப்பிவிடலாமே என்று புத்ரியிடம் கேட்டேன். அவள் என்னை இரக்கத்தோடு பார்த்தாள்.

மதியம் நாசி கண்டார். தமிழ் முஸ்லிம் அண்ணன் ஒருவர் தட்டில் சோறு வைத்து, கோழி வைத்து, நான்கைந்து குழம்பை ஒன்றாக ஊற்றிக் கொடுத்தார். எனக்குப் பதினான்கரை வெள்ளி. நான் பாதி சாப்பிட்டு முடிக்கும்வரை அவர்கள் தட்டைச் சுற்றிச் சுற்றிப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள். கடைக்காரரால் பொறுக்க முடியவில்லை.

"தம்பி, கோழி காலையிலயே செத்துப்போச்சு. நீ எத்தன போட்டோ எடுத்தாலும் எந்திரிக்காது, சாப்பிடு."

"சுடச்சுட இருக்கற மாதிரி புகை வரணும், பாய்" என்றான் தினேஷ்.

"நீ ஆரம்பிக்கறப்ப வந்துச்சு லா!"

பிறகு என்னிடம் குனிந்து, "அண்ணே, உங்க புள்ளைங்களா?" என்றார். இல்லை, ஒருவன் மட்டும் ஒருவேளை மருமகன் ஆகலாம் என்றேன். அவர் என் தட்டில் இன்னொரு கரண்டி குழம்பு ஊற்றினார்.

நியாயமாக ஒன்று சொல்லிவிட வேண்டும். சாப்பாட்டுக்கு நடுவில் தினேஷின் தொலைபேசி அடித்தது. அவன் அம்மா. மாத்திரை எங்கே வைத்தோம் என்று மறந்துவிட்டதாம். எந்த அலமாரி, எந்தத் தட்டு, எந்த நிற டப்பா என்று பொறுமையாகச் சொல்லி, அவர் எடுத்து விழுங்கும்வரை காத்திருந்தான். அதை மட்டும் அவன் படம் எடுக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன். முந்தின நாள் மாலையே எங்கள் வாட்ஸ்அப் குழுவில் மலாயில் தெளிவாக எழுதியிருந்தேன்: காலை பத்தரை மணி, கெரேத்தாவில் போகிறோம். நிபோங் திபால் ஒரு மணி நேரப் பயணம். இந்தோனேசியர்கள் நேரத்தை 'ஜாம் காரெட்', ரப்பர் மணி என்பார்கள், இழுத்தால் நீளும். நிபோங் திபாலில் ரப்பர்த் தோட்டங்கள் பெரும்பாலும் செம்பனை எண்ணெய்த் தோட்டங்களாக மாறி எத்தனையோ காலம் ஆகிறது. மறுபடியும் ரப்பரை அங்கே கொண்டுபோக நான் விரும்பவில்லை. அதனால்தான் ஒன்றரை மணி நேரம் கூடுதலாக வைத்திருந்தேன். யாழினி ஏற்பாடு செய்த காரோட்டி செல்வம் பத்து இருபதுக்கே வந்துவிட்டார். போய்த் திரும்ப நூற்றெண்பது வெள்ளி.

பத்தரை. யாரும் இல்லை. அதே நிமிடம் புத்ரியிடமிருந்து படத்தோடு செய்தி: "நான் வந்துவிட்டேன்! நீங்கள் எங்கே?" படத்தில் பட்டர்வொர்த் ரயில் நிலையம்; தனியாகவே படகேறிப் போயிருக்கிறாள். பதினொன்று பத்துக்குத் தெருமுனையில் ஹார்ன் சத்தம். தினேஷும் ரிஸ்கியும் ஆளுக்கொரு வாடகை ஸ்கூட்டரில் வந்து நின்றார்கள். தினேஷின் கையில் கூடுதலாக ஒரு சிவப்பு ஹெல்மெட்.

"இது உங்களுக்கு, மாமா. பின்னாடி உக்காருங்க."

"என்னடா இது?"

"கெரேத்தா. நீங்கதானே கெரேத்தால போறோம்னு எழுதினீங்க?"

"கெரேத்தா அதோ நிக்குது!" என்று செல்வத்தின் காரைக் காட்டினேன்.

தினேஷ் திரும்பிப் பார்த்தான். "அது மோட்டார், மாமா" என்றான், குழந்தைக்குச் சொல்வது போல.

செல்வம் ஸ்டியரிங்கில் தலையை வைத்துக்கொண்டு சிரிக்கத் தொடங்கினார். எனக்கு விளங்க இரண்டு நிமிடம் ஆனது. மலேசியாவில் கெரேத்தா என்றால் கார். ஜகார்த்தாவில் கெரேத்தா என்றால் ரயில், ஆகவே புத்ரி பட்டர்வொர்த்தில். மேடானில் மட்டும், உலகத்தில் வேறெங்கும் இல்லாதபடி, கெரேத்தா என்றால் ஸ்கூட்டர், மோட்டார் சைக்கிள். காருக்கு அங்கே பெயர் மோட்டார். ஒரே சொல்லை நம்பி மூன்று ஊர்க்காரர்கள் மூன்று இடங்களில் நின்றோம்.

அப்போதுதான் எனக்கு அந்த வீடியோ அழைப்பு ஞாபகம் வந்தது.

"தினேஷ், உன் வீட்டுல ரெண்டு கெரேத்தா இருக்குன்னு சொன்னியே..."

"ஆமா மாமா. ஒண்ணு என்னோடது. ஒண்ணு பழசு, அப்பாவோடது."

"மோட்டார்?"

"மோட்டார் வாங்க எங்க மாமா காசு? அதான் ஓம் கிட்ட அப்பவே உண்மையச் சொல்லிட்டேனே."

செல்வம் சிரிப்பை நிறுத்திவிட்டார். "அண்ணே, யாழினி அப்பாவா? மோட்டார்னாலே கத்துவாரே, அவரா?" என்றார். அவர்தான்.

ஸ்கூட்டர்களைத் திருப்பிக் கொடுக்க அரை மணி நேரம். பாலத்தில் ஞாயிற்றுக்கிழமை நெரிசல். பட்டர்வொர்த்துக்குச் சுற்றிப் போய்ப் புத்ரியை ஏற்றிக்கொண்டோம். மூன்று நாளில் அந்த மூவரில் சொன்ன நேரத்துக்கு வந்தது அவள் ஒருத்திதான், அதுவும் தப்பான இடத்துக்கு. காரிலிருந்து யாழினியை அழைத்து விஷயத்தைச் சொன்னேன்.

"ஐயோ மாமா! அப்பா சித்தப்பா, பெரியப்பா எல்லாரையும் கூப்பிட்டு வச்சிருக்காரு. ஒண்ணும் பேசாதீங்க, சாப்பிட்டப்பறம் நானே மெதுவா சொல்லிக்கறேன்."

தினேஷ் தொலைபேசியை என் கையிலிருந்து வாங்கினான். "யாழி, நான் பொய் சொல்லல. நானே சொல்றேன். கேட்டா உடனே சொல்லிருவேன்." பிறகு வெளியே பார்த்தபடி வந்தான். அன்று அவன் எதையுமே படம் எடுக்கவில்லை.

ஒன்று முப்பத்தைந்துக்குப் போய்ச் சேர்ந்தோம். மச்சான் வாசலில் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். கூடத்தில் உறவினர்கள், கோபால் கம்பி வைத்த காலை நீட்டி நாற்காலியில். ரிஸ்கியின் சட்டையைப் பார்த்ததும் மச்சானுக்கு ஒரு சின்ன மகிழ்ச்சி.

"எந்த ஃபேக்டரி, தம்பி?"

"ஃபேஷன், ஓம்" என்றான் ரிஸ்கி. துணித் தொழிற்சாலை என்று நினைத்து மச்சான் திருப்தியாகத் தலையாட்டினார். அதை நான் திருத்தவில்லை. அன்றைக்கு எனக்கு இருந்த தெம்பு இன்னொரு திருத்தத்துக்குத்தான் போதும்.

இலை போட்டார்கள். இரண்டாவது முறை சாம்பார் வரும்போது மச்சான் உறவினர்களைச் சுற்றிப் பார்த்துவிட்டுக் கேட்டார். "அப்புறம், ஒங்க கெரேத்தா ரெண்டும் என்ன மாடல்?"

யாழினி கரண்டியோடு அப்படியே நின்றாள். தினேஷ் எழுந்தான். எச்சில் கையோடு எழுந்து நின்று பேசினால் பெரியவர்களுக்கு மரியாதை என்று யாரோ சொல்லிக்கொடுத்திருக்க வேண்டும்.

"ஓம்... மாமா. எங்க ஊர்ல கெரேத்தான்னா மோட்டார் சைக்கிள். மோட்டார்னா கார். நான் ரெண்டு மோட்டார் சைக்கிள் இருக்கு, கார் இல்லன்னு சொன்னேன். நீங்க வேற மாதிரி எடுத்துக்கிட்டீங்கன்னு இன்னிக்குக் காலையிலதான் தெரியும். மன்னிச்சிருங்க."

புக்கிட் மெர்தாஜாம் பெரியப்பா இருமுவது போலச் சிரித்தார். மச்சானின் காது சிவந்துவிட்டது.

"ஒக்காரு. இனிமே மோட்டார் ஓட்ட மாட்டேன்னு சொல்லு, பேசுவோம்" என்றார்.

அங்கேதான் ஒரு குறுக்கு வழி திறந்தது. மோட்டார் ஓட்ட மாட்டேன் என்று மேடான் பாஷையில் அவன் தாராளமாகச் சத்தியம் செய்யலாம். காரே இல்லாதவன் கார் ஓட்டப்போவதில்லை. யாரும் அவனைப் பொய்யன் என்று சொல்லியிருக்க முடியாது. ரிஸ்கி மெல்ல அவன் தொடையைத் தட்டினான்.

"எந்த ஊர் மோட்டார், மாமா?" என்றான் தினேஷ்.

"எங்க ஊர் மோட்டார்!"

"அது முடியாது, மாமா. அம்மாவக் கோயிலுக்கு, கிளினிக்குக்கு எல்லாம் அதுலதான் கூட்டிட்டுப் போறேன். ஹெல்மெட் போடுவேன். ஆனா ஓட்ட மாட்டேன்னு பொய் சொல்ல முடியாது."

அக்காள் கண்ணை மூடிக்கொண்டாள். அப்போது கோபால், இலையிலிருந்து தலையைத் தூக்காமல், "எவ்வளவு ஸ்பீடு போவ?" என்றார்.

"நாப்பது, சித்தப்பா. அதுக்கு மேல போனா அம்மா முதுகுல அடிக்கும்."

கோபால் நீட்டிய காலைத் தட்டிக்கொண்டே சிரித்தார். "அண்ணே, நான் விழுந்தது மோட்டாரால இல்ல. ஷிப்டுக்கு லேட்டாயிரும், நீ கத்துவேன்னு பறந்தேன், விழுந்தேன். இவனப் பாரு. கல்யாணப் பேச்சுக்கு ஒரு மணிக்கு வரச் சொன்னா, ஒண்ணு முப்பத்தஞ்சுக்கு வந்து சாவகாசமா செருப்பக் கழட்டுறான். இவனுக்கு வாழ்க்கையில அவசரம்னு ஒண்ணு இருக்கா? இவன் எங்க விழப்போறான்!"

அந்த வீட்டில் தாமதத்துக்கு ஒரு நல்ல வார்த்தை சொல்லப்பட்டது அதுதான் முதல்முறை என்று நினைக்கிறேன். மச்சான் தம்பியின் காலையே கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு உறவினர்கள் பக்கம் திரும்பினார்.

"நான் என்ன சொன்னேன்? ரெண்டு கெரேத்தா இருக்குன்னு சொன்னேன். ரெண்டு இருக்குல்ல? அப்புறம் என்ன சிரிப்பு?" தினேஷிடம், "அடுத்த மாசம் அம்மா அப்பாவக் கூட்டிட்டு வா. ஒரு மணின்னா ஒரு மணி. பட்டர்வொர்த்லேர்ந்து ரயில்ல வா" என்றார்.

"அதாவது கெரேத்தா" என்றாள் புத்ரி, தினேஷ் மொழிபெயர்த்ததும், அந்த வீட்டில் முதல்முறையாக வாய் திறந்து.

இதே போன்ற பயணம் போக நினைப்பவர்களுக்குச் சில வார்த்தைகள். பட்டர்வொர்த்திலிருந்து நிபோங் திபாலுக்கு உள்ளூர் ரயில் இருக்கிறது, சில வெள்ளிதான். பாலத்து நெரிசலுக்கு அது எவ்வளவோ மேல். சுவரோவியம் பார்க்க எட்டு மணிக்கு முன்னால் போங்கள், இளைஞர்கள் அப்போது ஓ-தே-வேயில் இருப்பார்கள். நாசி கண்டாரைச் சூடாகச் சாப்பிடுங்கள். மலாயும் இந்தோனேசிய மொழியும் ஒன்றுதான் என்று சொல்பவர்களை நம்பாதீர்கள். வாகனம், நேரம், கல்யாணம் ஆகிய மூன்றையும் படம் வரைந்து உறுதி செய்துகொள்ளுங்கள். மூன்று நாள் முழுக்க எனக்கு எரிச்சல்தான், அதில் மாற்றமில்லை. ஆனால் சுலபமாகத் தப்பிக்க வழி இருந்தபோது 'எந்த ஊர் மோட்டார்' என்று கேட்ட ஒருவனை யாழினி தேர்ந்தெடுத்ததில் எனக்குப் புகார் இல்லை.

இதை எழுதி முடிக்கும் இன்று, தினேஷ் பெற்றோரோடு வர வேண்டிய அந்த ஞாயிற்றுக்கிழமை. நேற்றே வந்து அதே லெபு சூலியா அறையில் தங்கியிருக்கிறேன். மணி பத்தேகால். சற்றுமுன் தினேஷிடமிருந்து செய்தி: "மாமா, ஓ-தே-வே." வழக்கம்போலப் பெருமூச்சு விட்டுத் திறந்தேன். கூடவே ஒரு படம். ரயில் ஜன்னல், வெளியே செம்பனை வரிசை, ஓரத்தில் பட்டுச் சேலையில் அவன் அம்மா.

நான் இன்னும் குளிக்கவில்லை. கட்டிலில் படுத்தபடியே, "ஓ-தே-வே" என்று பதில் போட்டேன்.